தனியார் வங்கி மீது ரிட் போட முடியுமா?

கடன் முழுவதும் அடைந்த பிறகும் மூலப் பத்திரம் கைக்கு வரவில்லை. அல்லது கணக்கை முடக்கிவிட்டார்கள். அல்லது வீட்டுச் சுவரில் ஜப்தி நோட்டீஸ் ஒட்டிவிட்டார்கள். எதுவானாலும் யாராவது ஒருவர், “ஹைகோர்ட்டில் ஒரு ரிட் போட்டால் சரியாகிவிடும்” என்பார். ரிட் என்பது ஒரு காரியத்தைச் செய்யவோ நிறுத்தவோ அரசுக்கோ அதிகாரிக்கோ ஆணையிடும்படி கேட்கும் மனு. எதிர்தரப்பு ஸ்டேட் வங்கியோ இந்தியன் வங்கியோ என்றால் அந்தப் பேச்சுக்கு அடிப்படை இருக்கிறது. தனியார் வங்கி என்றால் பெரும்பாலும் இல்லை. ஆனால் “பெரும்பாலும்” என்ற அந்தச் சொல்லுக்குள் சில வாசல்கள் உண்டு. அவை எங்கே இருக்கின்றன என்று தெரியாமல் போடுகிற மனுதான் பதிவகத்தில் வழக்கு எண் வாங்குவதற்கு முன்பே திரும்பி வருகிறது.

அரசியலமைப்பின் 12ஆவது உறுப்பு, அடிப்படை உரிமைகளுக்காக “அரசு” என்று யாரைக் கருத வேண்டும் என்று சொல்கிறது. 1969 ஜூலை 19 அன்று 14 வங்கிகளும் 1980இல் மேலும் 6 வங்கிகளும் நாட்டுடைமையானதால் அவை இந்த வரையறைக்குள் வந்துவிட்டன. தனியார் வங்கி வராது. ஓர் அமைப்பின் பணம், செயல்பாடு, நிர்வாகம் மூன்றும் அரசின் ஆழமான கட்டுப்பாட்டில் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும், வெறும் ஒழுங்குமுறைக் கண்காணிப்பு போதாது என்று உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு 2002இல் பிரதீப் குமார் பிஸ்வாஸ் வழக்கில் சொல்லிவிட்டது. அதனால் 32ஆவது உறுப்பின் கீழ் நேராக உச்ச நீதிமன்றத்துக்குப் போகும் யோசனையை முதலிலேயே விட்டுவிடலாம்.

226ஆவது உறுப்பு வேறு. உயர் நீதிமன்றம் “எந்த நபருக்கும் அல்லது அதிகார அமைப்புக்கும்” ஆணை பிறப்பிக்கலாம். அடிப்படை உரிமைக்காக மட்டுமல்ல, “வேறு எந்த நோக்கத்துக்காகவும்” பிறப்பிக்கலாம். இந்த இரண்டு சொற்றொடர்களை வைத்துத்தான் 1989இல் ஆண்டி முக்தா வழக்கில், கல்லூரி நடத்திய ஒரு தனியார் அறக்கட்டளைக்கு எதிராக மாண்டமஸ் (கடமையைச் செய்யச் சொல்லும் ரிட்) செல்லும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அமைப்பு யாருடையது என்பதைவிட அது சுமக்கும் கடமை எப்படிப்பட்டது என்று பார்க்கச் சொன்ன தீர்ப்பு அது.

அந்த வெளிச்சத்தில் தனியார் வங்கிகளையும் இழுத்துவிடலாம் என்ற நம்பிக்கைக்கு 2003 செப்டம்பர் 26 அன்று முற்றுப்புள்ளி விழுந்தது. ஃபெடரல் வங்கி வழக்கு, (2003) 10 எஸ்.சி.சி. 733. பணிநீக்கம் செய்யப்பட்ட ஒரு கிளை மேலாளர் கேரள உயர் நீதிமன்றத்தில் ரிட் போட்டார்; தனி நீதிபதியும் டிவிஷன் பெஞ்சும் ரிட் செல்லும் என்றார்கள்; உச்ச நீதிமன்றம் மாற்றிவிட்டது. ரிசர்வ் வங்கி உரிமம் தருகிறது, கணக்கைப் பார்க்கிறது, தலைவர் நியமனத்துக்கு ஒப்புதல் தருகிறது என்பதெல்லாம் பொருளாதார ஒழுங்குக்கான கண்காணிப்பு. அதனால் வங்கி அரசின் அங்கம் ஆகிவிடாது. வங்கித் தொழில் அரசு செய்ய வேண்டிய வேலையும் அல்ல, அந்த வங்கிக்கு அதில் ஏகபோகமும் இல்லை. இதுதான் காரணம்.

தனியார் வங்கியின் வக்கீல் கவுன்ட்டரில் (பதில் மனுவில்) முதல் பத்தியிலேயே இந்தத் தீர்ப்பைப் போடுவார். ஆனால் இதே தீர்ப்பை மனுதாரர் தரப்பும் ஒழுங்காகப் படிக்க வேண்டும். ரிட் யார் யார் மீது செல்லும் என்று அதில் எட்டு வகை சொல்லப்பட்டிருக்கிறது. முதல் ஆறும் அரசு, சட்டப்பூர்வ அமைப்பு, அரசுப் பணத்தில் நடப்பவை என்று போகும். அவற்றால் நமக்குப் பயனில்லை. ஏழாவது, பொதுக் கடமை ஆற்றும் தனியார் அமைப்பு. எட்டாவது, ஏதாவது ஒரு சட்டத்தின் கீழ் ஒரு காரியத்தைச் செய்யக் கடமைப்பட்ட நபர் அல்லது அமைப்பு. அந்தக் காரியத்தைச் செய்ய வைப்பதற்காக மட்டும். தொழிற்சாலைச் சட்டம், குறைந்தபட்ச ஊதியச் சட்டம், காற்று மாசுத் தடுப்புச் சட்டம் போன்றவற்றை அந்தத் தீர்ப்பே உதாரணம் காட்டுகிறது. ஏழாவதை நம்பி வாதாடுவது வீண். “வங்கி பொதுமக்கள் பணத்தை வைத்திருக்கிறது, ஆகவே பொதுக் கடமை” என்ற வாதம் தோற்று வெகு காலமாகிறது. எனக்குத் தெரிந்து வேலைக்காவது எட்டாவது மட்டும்தான்.

எட்டாவதற்குள் நுழைய, வங்கி மீறியது ஒப்பந்தத்தையா சட்டக் கட்டளையையா என்று பிரிக்க வேண்டும். வட்டி அதிகம், ஓ.டி. (கணக்கில் உள்ளதைவிட அதிகம் எடுக்க விடும் கடன்) வரம்பைக் குறைத்துவிட்டார்கள் என்பவை பெரும்பாலும் ஒப்பந்த விவகாரம். ஆனால் ரிசர்வ் வங்கி, 1949ஆம் ஆண்டு வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 21, 35ஏ பிரிவுகளின் கீழ் பிறப்பிக்கும் கட்டளைகளுக்குச் சட்ட பலம் உண்டு. எல்லா வங்கிகளையும் அவை கட்டுப்படுத்தும். ஆகவே சுற்றறிக்கையை எடுத்தால் முதலில் பார்க்க வேண்டியது அதன் கடைசிப் பத்தி. அங்கே எந்தப் பிரிவின் கீழ் வெளியிடப்படுகிறது என்று எழுதியிருக்கும். 35ஏ என்று இருந்தால் பிடி கிடைத்தது. வெறும் ஆலோசனை, நல்நடத்தை நெறி என்று இருந்தால் அதை வைத்து மாண்டமஸ் கேட்பது கஷ்டம்.

நல்ல உதாரணம் மூலப் பத்திரம். 2023 செப்டம்பர் 13 தேதியிட்ட ரிசர்வ் வங்கிச் சுற்றறிக்கைப்படி, தனிநபர் கடன் (வீட்டுக் கடன் போன்றவை) முழுதும் அடைந்த 30 நாளுக்குள் எல்லா அசல் ஆவணங்களையும் திருப்பித் தந்து, சொத்தின் மீது பதிவான கடன் பொறுப்பையும் நீக்க வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. ஆவணம் தொலைந்துவிட்டால் நகல் எடுக்க வங்கி உதவ வேண்டும், செலவையும் ஏற்க வேண்டும். அதற்குக் கூடுதலாக 30 நாள், அதன் பிறகு அந்த இழப்பீடு ஓடும். 2023 டிசம்பர் 1 முதல் வரும் விடுவிப்புகளுக்கு இது பொருந்தும். நம்மூரில் உரிமை ஆவண ஒப்படைப்பைப் பதிவு செய்துதான் கடன் தருகிறார்கள் என்பதால், பத்திரம் கைக்கு வந்தாலும் சார்பதிவாளர் அலுவலகத்தில் ரத்து ரசீது பதிவாகாமல் வில்லங்கச் சான்றில் கடன் அப்படியே நிற்கும். அதுவும் இந்தக் கட்டளைக்குள்தான் வரும்.

இப்படி ஒரு விஷயம் கையில் இருந்தால் மனுவை எப்படி அமைப்பது? மாண்டமஸுக்கு முன் கோரிக்கையும் மறுப்பும் வேண்டும். கடன் முடிந்த தேதி, நோ டியூ சான்று, சுற்றறிக்கையின் பத்தி எண் மூன்றையும் குறிப்பிட்டு, வங்கியின் நோடல் அதிகாரிக்கும் (புகார்களுக்குப் பொறுப்பானவர்) ரிசர்வ் வங்கிக்கும் பெற்றதற்கான அத்தாட்சியோடு விரைவுத் தபால் அனுப்ப வேண்டும். பிறகு மனுவில் முதல் எதிர்மனுதாரர் ரிசர்வ் வங்கி, இரண்டாவது தனியார் வங்கி. கோரிக்கையும் அந்த வரிசையில்தான் இருக்க வேண்டும்: என் மனு மீது 35ஏ, 47ஏ பிரிவுகளின் கீழ் நடவடிக்கை எடுக்க முதல் எதிர்மனுதாரருக்கு ஆணை, கட்டளையின் இன்ன பத்தியை நிறைவேற்ற இரண்டாமவருக்கு ஆணை. 47ஏ என்பது வங்கிக்கு அபராதம் விதிக்கும் அதிகாரம். “வங்கியின் செயல் 14, 21ஆவது உறுப்புகளுக்கு எதிரானது” என்ற வழக்கமான பத்தியை நீட்டி முழக்காமல் இருப்பது நல்லது. அந்தப் பத்திதான் எதிர்தரப்புக்கு ஃபெடரல் வங்கித் தீர்ப்பை நீட்ட வாய்ப்புத் தருகிறது.

சென்னையிலும் மதுரைக் கிளையிலும் நடைமுறையில் முதல் தடை பதிவகத்தில் வரும். எஸ்.ஆர். நிலையிலேயே, அதாவது வழக்கு எண் தருவதற்கு முந்தைய பரிசீலனையிலேயே, “தனியார் வங்கி மீது எப்படி நிலைக்கும்?” என்று எழுதித் திருப்பிவிடுவார்கள். எட்டாவது வகையையும் சுற்றறிக்கையின் சட்டப் பிரிவையும் குறிப்பிட்டு மறுபடி தாக்கல் செய்தால், நிலைக்கத்தக்கதா என்ற கேள்விக்காக மட்டும் நீதிபதி முன் பட்டியலாகும். வங்கியின் தலைமையகம் மும்பை என்பது தடையல்ல. வழக்குக்கான காரணத்தின் ஒரு பகுதி இங்கே எழுந்திருந்தால் 226(2) போதும்.

எல்லாம் சரியாக நடந்தாலும் கிடைப்பது பெரும்பாலும், “மனுவை ரிசர்வ் வங்கி இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்க வேண்டும்” என்ற உத்தரவுதான். பரிசீலிக்கச் சொல்வதற்கும் கொடுக்கச் சொல்வதற்கும் உள்ள தூரத்தைக் கட்சிக்காரரிடம் முதல் நாளே சொல்லிவிட வேண்டும்.

இதைவிட வலுவான இடம் ஒன்று உண்டு. கடன் கணக்கை “மோசடி” என்று வகைப்படுத்துவது. 2023 மார்ச் 27 அன்று ஸ்டேட் வங்கி வழக்கொன்றில், கடன்தாரர் தரப்பைக் கேட்காமல் அப்படி முத்திரை குத்தக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதன் பிறகு 2024 ஜூலையில் ரிசர்வ் வங்கி திருத்திய முதன்மைக் கட்டளை, பதில் சொல்லக் குறைந்தது 21 நாள் தரும் காரணம் கேட்கும் நோட்டீஸையும் காரணங்களோடு கூடிய உத்தரவையும் கட்டாயமாக்கியது. தனியார் வணிக வங்கிகளுக்கும் இது பொருந்தும். இங்கே வங்கி செய்வது வெறும் ஒப்பந்த வேலை அல்ல. ரிசர்வ் வங்கியின் கட்டளைப்படி ஒருவருக்கு நாடு முழுக்கக் கடன் கதவை அடைக்கும் வேலை. சட்டக் கடமை என்ற வாதம் இதில் நன்றாகவே நிற்கும். நோட்டீஸ் கொடுக்கவில்லை, தடயத் தணிக்கை (மோசடியைத் தேடும் கணக்காய்வு) அறிக்கையைக் காட்டவில்லை, உத்தரவில் காரணம் இல்லை என்று குறையைக் குறிப்பாகச் சொல்ல வேண்டும். கணக்கில் மோசடியே நடக்கவில்லை என்று வாதாட ரிட் இடமல்ல.

கணக்கு முடக்கமும் ரிட்டுக்கு ஏற்ற விஷயம்தான், ஆனால் காரணம் வேறு. சைபர் குற்றப் பிரிவு கடிதம் அனுப்பியதால் வங்கி முடக்கியிருந்தால், தாக்க வேண்டியது போலீஸின் நடவடிக்கையை. வங்கி வெறும் இரண்டாம் எதிர்மனுதாரர். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 102ஆவது பிரிவு, இப்போது பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 106. சந்தேகத்துக்குரிய தொகை 5,000 ரூபாய் இருக்க, கணக்கில் உள்ள மொத்தத்தையும் நிறுத்தி வைப்பதைச் சென்னை, கேரள உயர் நீதிமன்றங்கள் ஏற்கவில்லை. அந்தத் தொகைக்கு மட்டும் தடை வைத்துவிட்டு மீதியைத் திறக்கச் சொல்லியிருக்கின்றன. புகார் எண், எந்த மாநிலக் காவல் நிலையம், எவ்வளவு தொகை என்ற மூன்றையும் வங்கியிடம் எழுத்தில் வாங்காமல் இந்த மனுவை எழுதவே முடியாது.

இனி, அதிகமாகப் பணமும் நாளும் வீணாகும் இடத்துக்கு வருவோம். சர்ஃபேசி: நீதிமன்றம் போகாமலேயே அடமானச் சொத்தை வங்கி எடுத்து விற்க வழி தரும் சட்டம்.

அதன் 13(2) பிரிவின் கீழ் பாக்கியைக் கட்டச் சொல்லும் நோட்டீஸ் வந்தால் 60 நாள் அவகாசம். அதற்குள் ஆட்சேபம் அனுப்பினால் வங்கி 15 நாளுக்குள் பதில் சொல்ல வேண்டும். பிறகு 13(4)இன் கீழ் சுவாதீனம் எடுப்பார்கள். அந்த நாளிலிருந்து 45 நாளுக்குள் 17ஆவது பிரிவின் கீழ் கடன் மீட்புத் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும். தமிழ்நாட்டில் சென்னை, கோவை, மதுரையில் தீர்ப்பாயங்கள் உள்ளன. 13(2) நோட்டீஸை மட்டும் எதிர்த்து அங்கே போக முடியாது. அந்த இடைவெளியில்தான் பலர் ஹைகோர்ட்டுக்கு ஓடுகிறார்கள். 2010இல் சத்யவதி டாண்டன் வழக்கிலேயே இத்தகைய ரிட்டுகளை எளிதில் ஏற்க வேண்டாம் என்று உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றங்களை எச்சரித்தது. 2022 ஜனவரி 12 அன்று ஃபீனிக்ஸ் ஏ.ஆர்.சி. வழக்கில், தனியார் சொத்து மீட்பு நிறுவனம் எடுக்கும் சர்ஃபேசி நடவடிக்கைக்கு எதிராக ரிட் செல்லவே செல்லாது என்றது. 2023இல் சவுத் இந்தியன் வங்கி வழக்கில் கோபமாகவே எழுதியது. இவ்வளவுக்குப் பிறகும் 14ஆவது பிரிவின் கீழ் கலெக்டரோ தலைமை நீதித்துறை நடுவரோ போட்ட உத்தரவை எதிர்ப்பதாகக் காட்டி, “அரசு உத்தரவுதானே” என்று ரிட் போடும் உத்தி நடக்கிறது. நீதிபதிகளுக்கு இது பழகிப்போன உத்தி.

இதில் கெடுதல் என்னவென்றால், ரிட் தள்ளுபடியாகும்போது 45 நாள் கடந்திருக்கும். ஏல அறிவிப்பும் வந்திருக்கும். 2016 திருத்தத்துக்குப் பின் 13(8)இன்படி, ஏல அறிவிப்பு வெளியாவதற்கு முன்பே முழு பாக்கியையும் கட்டியாக வேண்டும். ஏலத்தன்று பணத்தோடு போய் நின்றால் வீட்டை மீட்கலாம் என்ற பழைய நம்பிக்கை உச்ச நீதிமன்றத்தின் 2023 செலிர் தீர்ப்புக்குப் பிறகு உதவாது. தீர்ப்பாயத்தில் தோற்று மேல்முறையீடு போனால் கடன் தொகையில் 50 சதவீதம் கட்ட வேண்டும், மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் மனது வைத்தால் 25 வரை குறையும். ஆகவே தீர்ப்பாயத்தில் முதல் மனுவையே ஒழுங்காகப் போட வேண்டும். விவசாய நிலமா, பாக்கி அசலும் வட்டியும் சேர்ந்ததில் 20 சதவீதத்துக்கும் குறைவா, விற்பனைக்கு 30 நாள் நோட்டீஸ் தந்தார்களா, ஆட்சேபத்துக்குப் பதில் வந்ததா என்று 31ஆவது பிரிவையும் விதிகளையும் வரிசையாகச் சரிபார்த்து எழுதினால் அங்கே தடை வாங்க வாய்ப்பு உண்டு.

நகைக்கடன் ஏலம், ஒரே தவணைத் தீர்வு (பாக்கியைக் குறைத்து ஒரே தடவையில் முடிக்கும் ஏற்பாடு) மறுப்பு, பணிநீக்கம் மூன்றுக்கும் ரிட் வேண்டாம். 2025இல் முத்தூட் ஃபைனான்ஸ் வழக்கில் தனியார் நிதி நிறுவனம் மீது ரிட் நிலைக்காது என்று மறுபடியும் உறுதியாகிவிட்டது. ஒரே தவணைத் தீர்வு தரச் சொல்லி எந்த வங்கிக்கும் மாண்டமஸ் கிடையாது என்று 2021 பிஜ்னோர் நகர கூட்டுறவு வங்கித் தீர்ப்பு சொல்கிறது. வேலை விவகாரத்தில் 2005ஆம் ஆண்டு பின்னி வழக்கு, சென்னையில் கிளம்பிப் போனது, இன்னும் வழிகாட்டி: பொதுச் சட்ட அம்சம் இல்லாத ஒப்பந்த முறிவுக்கு மாண்டமஸ் இல்லை.

சிலர் 2023 ஜனவரி 3ஆம் தேதி கௌஷல் கிஷோர் தீர்ப்பைக் கையில் எடுக்கிறார்கள். 19, 21ஆவது உறுப்புகளின் உரிமைகளை (பேச்சுச் சுதந்திரம், உயிர் வாழும் உரிமை போன்றவை) அரசு அல்லாதவர்கள் மீதும் அமல்படுத்தலாம் என்று அரசியல் சாசன அமர்வில் நால்வர் சொன்னார்கள், ஒருவர் மாறுபட்டார். ஆனால் வங்கிக்கு எதிரான குறைகளில் பத்துக்கு ஒன்பது பாரபட்சம், தன்னிச்சை என்று சமத்துவம் பேசும் 14ஆவது உறுப்பைத் தொட்டு வருபவை. அது அந்தப் பட்டியலில் இல்லை. மீட்பு முகவர் வீட்டு வாசலில் வந்து மிரட்டினால் 21 பேசலாம். அதற்கும் காலை 8 மணிக்கு முன்பும் இரவு 7 மணிக்குப் பின்பும் கூப்பிடக் கூடாது என்ற ரிசர்வ் வங்கி விதியை வைத்துக் காவல் நிலையத்திலும் குறைதீர்ப்பாளரிடமும் போகும் புகார் சீக்கிரம் பலன் தரும்.

அரசுப் பங்கு இருந்தால்? 2020 மார்ச்சில் யெஸ் வங்கி நொடித்தபோது ஸ்டேட் வங்கி பணம் போட்டுப் பெரும் பங்கு வாங்கியது. அதனால் யெஸ் வங்கி அரசு வங்கி ஆகிவிடவில்லை. ஆனால் அந்த மீட்புத் திட்டத்தையொட்டி 8,415 கோடி ரூபாய்க் கடன் பத்திரங்களை அழித்த முடிவை 2023 ஜனவரியில் பம்பாய் உயர் நீதிமன்றம் ரிட்டில்தான் ரத்து செய்தது; விவகாரம் உச்ச நீதிமன்றம் போனது. கரூரில் 1926இல் பிறந்த லட்சுமி விலாஸ் வங்கி 2020 நவம்பரில் டி.பி.எஸ். வங்கியோடு இணைந்து பங்குகள் பூஜ்யமானபோதும் பங்குதாரர்கள் உயர் நீதிமன்றங்களுக்குப் போனார்கள். இந்த வழக்குகளில் சோதிக்கப்படுவது வங்கி ஒழுங்குமுறைச் சட்டத்தின் 45ஆவது பிரிவின் கீழ் வந்த மீட்பு, இணைப்புத் திட்டமும் அதன் பெயரில் நடந்தவையும்; அதில் கையெழுத்து மத்திய அரசுடையது, ரிசர்வ் வங்கியுடையது. வங்கி தனியாருடையது என்பது அங்கே வழக்கைத் தடுக்காது.

சாதாரண வாடிக்கையாளர் குறைக்கு ரிசர்வ் வங்கியின் ஒருங்கிணைந்த குறைதீர்ப்பாளர் திட்டத்தை முதலில் பார்ப்பது புத்திசாலித்தனம். 2021 திட்டத்தில், வங்கிக்கு எழுதி 30 நாள் காத்திருந்து, பதில் வந்த ஓராண்டுக்குள் இணையத்திலேயே புகார் தரலாம் என்று இருந்தது. கட்டணம் இல்லை. அந்தத் திட்டத்தில் இழப்பீடு 20 லட்சம் வரை, மன உளைச்சலுக்கு மேலும் 1 லட்சம் வரை என்று இருந்தது. இரண்டு விஷயத்தில் சறுக்குகிறார்கள். ஒன்று, வக்கீல் பெயரில் போகும் புகார் ஏற்கப்படாது. பாதிக்கப்பட்டவர் தன் பெயரில் தர வேண்டும். இரண்டு, அதே விவகாரம் நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தால் குறைதீர்ப்பாளர் தொட மாட்டார். அதாவது, அவசரப்பட்டு எண் வாங்கிய ரிட்டே இந்த இலவச வழியை அடைத்துவிடும். நுகர்வோர் ஆணையத்துக்கு இரண்டு ஆண்டு அவகாசம்; தொழிலுக்காக வாங்கிய கடன் என்றால் நீங்கள் நுகர்வோரே அல்ல என்று வங்கி கிளம்பும்.

ஏற்கெனவே ரிட் போட்டாகிவிட்டது, நீதிபதி நிலைக்காது என்று சாடையாகச் சொல்லிவிட்டார் என்றால் தள்ளுபடி வரை இழுக்க வேண்டாம். உரிய மன்றத்தை அணுகும் உரிமையோடு திரும்பப் பெற அனுமதி கேட்டு, அந்த வாசகத்தை உத்தரவிலேயே எழுத வைக்க வேண்டும். ரிட் தாக்கலான தேதி, திரும்பப் பெற்ற தேதி இரண்டும் உத்தரவில் இருந்தால், தவறான மன்றத்தில் நல்லெண்ணத்தோடு செலவான நாட்களைக் காலவரையறைச் சட்டத்தின் 14ஆவது பிரிவின் கீழ் கழிக்கக் கேட்கலாம். சர்ஃபேசியின் 45 நாளுக்கு அது கிடைக்குமா என்பது தனிச் சண்டை. எனவே உத்தரவு நகலுக்குக் காத்திருக்காமல், திரும்பப் பெற்ற அதே வாரத்தில் தீர்ப்பாயத்தில் மனுவைத் தாக்கல் செய்துவிட்டு, தாமத மன்னிப்பு மனுவையும் கூடவே வைத்துவிடுங்கள்.